மணி எழுதாத படிவம்

1. சனிக்கிழமை வந்த உறை

அந்தக் காலத்தில் சனிக்கிழமை அரை நாள் வேலை. காலை ஒன்பதரை மணிக்கு வக்கீல் ஆபீஸ் கிளார்க் ஒருவர் என் மேசைக்கு முன்னால் வந்து நின்று ஒரு பழுப்பு உறையை நீட்டினார். உள்ளே கோர்ட் முத்திரை குத்திய இரண்டு பக்கத் தாள் இருந்தது. எங்கள் ஸ்டோர் கீப்பர் மாரிமுத்துவைத் தூரத்துச் சிலிம் ரிவர் ஊருக்கு மாற்றும் கடிதத்துக்கு இடைக்காலத் தடை. வழக்கு முடியும்வரை, இந்த உத்தரவு பிறக்கும் நேரத்தில் இருக்கும் நிலை அப்படியே தொடர வேண்டும் என்று அதில் எழுதியிருந்தது. உத்தரவின் தேதி முந்தின நாள், வெள்ளிக்கிழமை.

நான் திரும்பி ஸ்டோர் பக்கம் பார்த்தேன். மாரிமுத்துவின் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்து, எந்தச் சாவி எந்தப் பூட்டுக்கு என்று பழகிக்கொண்டிருந்தார். மாரிமுத்து ஆபீஸில் இல்லை. முந்தின நாள்தான் மீஹூன் நூடுல்ஸும் கறிப்பாப் பலகாரமும் கொடுத்து அவரை வழியனுப்பி வைத்திருந்தோம்.

என் பெயர் ராயப்பன். செமோர் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் பிறந்து, மிஷன் பள்ளியில் படித்து, ஈப்போவில் ஓர் அரசு இலாகாவில் கிராணியாக, அதாவது குமாஸ்தாவாக, முப்பது வருடத்துக்கு மேல் காலம் தள்ளியவன். இலாகாவின் பெயர் வேண்டாம். எனக்கு ஊழியர் பிரிவில் வேலை. ஒருவர் வேலைக்குச் சேருவது, நிரந்தரமாவது, மாற்றலாவது, ஓய்வு பெறுவது என்று எல்லாக் கடிதங்களும் என் டைப்ரைட்டரில்தான் பிறக்கும். மாரிமுத்துவின் மாற்றல் கடிதத்தையும் நான்தான் அடித்தேன். இது எண்பதுகளின் தொடக்கத்தில் நடந்தது. கோர்ட் தடை கிடைத்துவிட்டால் கவலை தீர்ந்தது என்று இன்றைக்கும் நினைக்கிற இளைய கிராணிகளுக்காக எழுதுகிறேன். நான் சட்டம் படித்தவன் இல்லை. ஆனால் ஒரு தடை உத்தரவு எங்கே போய் நின்றுவிடும் என்பதைப் பக்கத்தில் இருந்து பார்த்தவன்.

2. மூன்று சொல்

மாரிமுத்து என்னைவிடப் பத்து வயது இளையவர். அவரும் தோட்டத்துப் பிள்ளைதான். ஸ்டோரில் ஒரு போல்ட் வேண்டுமென்றாலும் சீட்டு கேட்பார். எஞ்சினியரே நேரில் வந்து நின்றாலும் சீட்டுதான். இது சிலருக்குப் பிடிக்காது. இருந்தாலும் மாற்றலுக்குக் காரணம் அது இல்லை. அந்த வருடம் தொழிற்சங்கக் கிளைக்கு அவரைச் செயலாளராகத் தேர்ந்தெடுத்தார்கள். மூன்றாவது வாரம் சீஃப் கிளார்க் குமாரசாமி என்னைக் கூப்பிட்டு, கையால் எழுதிய ஒரு வரைவைக் கொடுத்தார். அடுத்த மாதம் முதல் தேதியிலிருந்து சிலிம் ரிவர், 'சேவையின் நலன் கருதி' என்று இருந்தது. இந்த மூன்று சொல்லை நான் அடித்த அளவுக்கு என் சொந்தப் பெயரைக்கூட அடித்ததில்லை. யாரைப் பிடிக்காவிட்டாலும் சேவையின் நலன்தான்.

மாற்றுவதற்கு அரசுக்கு அதிகாரம் உண்டு. எங்கே அனுப்பினாலும் போகிறேன் என்று எழுதிக் கொடுத்துத்தான் எல்லாரும் வேலைக்குச் சேர்ந்தோம். மாரிமுத்து அதை மறுக்கவில்லை. இது மாற்றல் இல்லை, தண்டனை. தண்டனை என்றால் முதலில் தம்மிடம் விளக்கம் கேட்டிருக்க வேண்டும் என்பதுதான் அவர் வழக்கு.

ஆனால் அவரை வக்கீல் வாசல்வரை கொண்டுபோனது சட்டம் இல்லை, வீடு. அவருடைய அப்பா முனியாண்டி நாற்பது வருடம் ரப்பர்த் தோட்டத்தில் பால்மரம் சீவியவர். அந்த வருடம் தோட்டத்தை வீடமைப்புக்காரர்களுக்கு விற்றுவிட்டார்கள். தொழிலாளர் குடியிருப்பான லயத்தை இடித்தபோது, கிழவரும் அவர் மனைவியும் ஒரு தகர டிரங்குப் பெட்டியோடு மகனுடைய குவார்ட்டர்ஸுக்கு வந்து சேர்ந்தார்கள். இரண்டு அறை, மனைவி பிள்ளைகளோடு சேர்த்து ஆறு பேர். மாற்றலானால் முப்பது நாளில் குவார்ட்டர்ஸைக் காலி செய்ய வேண்டும். சிலிம் ரிவரில் குவார்ட்டர்ஸ் இல்லை. கிழவரையும் கிழவியையும் எங்கே வைப்பது என்பதுதான் மாரிமுத்துவின் ஒரே கேள்வி. கடிதம் வந்த அன்று என்னிடம் அவர் கேட்டதும் அதைத்தான். சங்கத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

வக்கீல் மிஸ் பிலோமினா வேகமாக வேலை செய்தார். வெள்ளிக்கிழமை காலை ஜட்ஜ் முன்னால் மனு வருகிறது என்றும், அதுவரை எந்தத் தாளிலும் கையெழுத்துப் போடக் கூடாது என்றும் சொல்லி அனுப்பினார். வழக்குப் போட்ட விஷயத்தை ஆபீஸில் என் ஒருவனிடம் மட்டும்தான் மாரிமுத்து சொன்னார்.

3. மீஹூனுக்கு முன்னால் கையெழுத்து

எங்கள் ஆபீஸில் ஒருவர் மாற்றலாகிப் போகிறார் என்றால் ஜாமுவான் வைப்போம். விருந்து என்று பெரிதாகச் சொல்ல முடியாது, ஒரு தேநீர் உபசரிப்பு. அதற்கு ஒரு வரிசை உண்டு. முதலில் போகிறவர் சீஃப் கிளார்க் மேசையில் 'செராஹ் துகாஸ்' படிவத்தில், அதாவது பணி ஒப்படைப்புப் படிவத்தில், கையெழுத்துப் போடுவார். சாவியை ஒரு தட்டில் வைப்பார். பிறகு எஞ்சினியர் இரண்டு வார்த்தை பேசுவார். அன்பளிப்பு, போட்டோ, கடைசியில் சாப்பாடு. யார் ஏற்படுத்திய வழக்கம் என்று தெரியாது. கையெழுத்துப் போடாமல் எவரும் மீஹூன் சாப்பிட்டதாக எனக்கு நினைவில்லை.

மாரிமுத்துவுக்கு வெள்ளிக்கிழமை பிற்பகல் ஜாமுவான். வெள்ளிக்கிழமையில் தொழுகைக்காகப் பன்னிரண்டே கால் முதல் இரண்டே முக்கால்வரை ஆபீஸ் காலியாக இருக்கும். அன்று காலை பதினோரு மணிக்கே ஜட்ஜ் தடை கொடுத்துவிட்டார். அதைச் சொல்வதற்காக மிஸ் பிலோமினாவின் ஆபீஸிலிருந்து பன்னிரண்டரைக்கு எங்களுக்குப் போன் செய்திருக்கிறார்கள். போன் சீஃப் கிளார்க்கின் பூட்டிய அறைக்குள் அடித்து ஓய்ந்திருக்கிறது. இதெல்லாம் பின்னால் தெரிந்தது.

மூன்று மணிக்கு மாரிமுத்து என் மேசைக்கு வந்தார். சலவைச் சட்டை போட்டிருந்தார், முகம் சரியில்லை.

"அண்ணே, எதுலயும் கையெழுத்துப் போடாதீங்கன்னு வக்கீலம்மா சொல்லிருக்காங்க. ஜாமுவானுக்கு வாரேன். அந்த ஒப்படைப்புப் பாரம் மட்டும் வேணாம்."

நான் சொன்ன பதிலை இப்போதும் ஒரு எழுத்து பிசகாமல் சொல்வேன்.

"பாரம் சும்மா வழக்கத்துக்குத்தான்லா, மாரி. கோர்ட்டு நிறுத்துச்சுன்னா நானே கிழிச்சுப் போடுறேன். அத்தன பேரும் நிக்கிறாங்க. சொம்போங்னு நெனச்சிருவாங்க."

சொம்போங் என்றால் கர்வக்காரன். எங்கள் ஆபீஸில் ஒருவர் சோம்பேறியாக இருக்கலாம், கோபக்காரராக இருக்கலாம், யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். சொம்போங் என்று பெயர் எடுத்தால் அதோடு சரி. மாரிமுத்து சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தார். பிறகு என் பின்னாலேயே வந்து கையெழுத்துப் போட்டார். அப்போது மணி மூன்று இருபத்தைந்து. எனக்கு எப்படித் தெரியும் என்றால், மூன்றரைக்கு எஞ்சினியர் வருவார் என்பதால் நான் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். படிவத்தில் பெயர், பதவி, தேதி, இரண்டு கையெழுத்து ஆகியவற்றுக்குத்தான் கோடு இருந்தது. மணிக்குக் கோடு இல்லை.

அன்பளிப்பு ஒரு சுவர்க்கடிகாரம். மாரிமுத்து அதை எஞ்சினியரிடமிருந்து வாங்குவது மாதிரி போட்டோ எடுத்தார்கள். பேசச் சொன்னபோது எல்லாருக்கும் நன்றி என்று மட்டும் சொன்னார். மீஹூனைத் தொடவில்லை.

4. தாள் சண்டை

திங்கட்கிழமை மாரிமுத்து ஸ்டோருக்கு வந்தார். புதியவர் எழுந்து நின்று மரியாதையாகப் பேசினார், ஆனால் சாவியைக் கொடுக்கவில்லை. கொடுக்கக் கூடாது என்று குமாரசாமி சொல்லியிருந்தார். அவருடைய வாதம் சுருக்கமானது. கோர்ட் சொன்னது இருக்கும் நிலை தொடர வேண்டும் என்று. வெள்ளிக்கிழமை காலையிலேயே, தடை பிறக்கும் முன்பே, மாரிமுத்து பொறுப்பை ஒப்படைத்துவிட்டாராம். ஆகவே இருக்கும் நிலை என்பது அவர் இல்லாத நிலை. அது தொடரட்டும்.

படிவத்தைக் கிழிப்பேன் என்று சொன்னேன் அல்லவா? அது சனிக்கிழமை காலையே குமாரசாமியின் டிராயருக்குள் போய்விட்டது.

மாரிமுத்துவோடு நானும் மிஸ் பிலோமினாவைப் பார்க்கப் போனேன். ஆபீஸ் முடிந்த பிறகு, தனித்தனியாக. சேர்ந்து போக எனக்குப் பயம். அந்த அம்மா கோபப்படவில்லை. தலையில் கையை வைத்துக்கொண்டார். பிறகு சொன்னார்.

"ஸ்டேங்கிறது கதவுக்குப் போடுற தாழ்ப்பா மாதிரிங்க. உள்ள இருக்கறவர உள்ளயே வெச்சுக்கும். வெளிய போனவர இழுத்துட்டு வராது. நீங்க பதினோரு மணிக்கு உள்ள இருந்தீங்களா, வெளிய இருந்தீங்களாங்கறதுதான் இப்ப கேஸே."

இன்னொன்றும் விளக்கினார். அது எனக்கு அதுவரை தெரியாது. இடைக்கால விசாரணையில் யாரையும் கூண்டில் ஏற்றிக் கேள்வி கேட்க மாட்டார்கள். சத்தியக் கடிதம் என்ற அஃபிடவிட்தான் பேசும். இரண்டு தரப்புத் தாளும் ஒன்றுக்கொன்று மாறாகச் சொன்னால், யார் சொல்வது உண்மை என்று ஜட்ஜ் அந்தக் கட்டத்தில் முடிவு செய்ய மாட்டார். முழு விசாரணைக்குத் தள்ளிவிடுவார். அதற்குள் கையெழுத்தான தாளும், நாற்காலியில் இருக்கிற ஆளும்தான் கணக்கு. அதனால் கையெழுத்து நடந்தது பிற்பகலில் என்று நேரில் பார்த்த ஒருவர், அதுவும் ஆபீஸ் தரப்பைச் சேர்ந்த ஒருவர், சத்தியம் செய்து எழுதிக் கொடுத்தால் போதும் என்றார். இதைச் சொல்லிவிட்டு அவர் என்னைப் பார்க்கவில்லை. மாரிமுத்து மறுநாள் பார்த்தார், எழுதிக் கொடுப்பீர்களா என்றும் கேட்டார்.

யோசித்துச் சொல்கிறேன் என்றேன். யோசிக்க எனக்கு நேரம் கிடைக்கவில்லை. அதற்கு அடுத்த நாள் குமாரசாமி என்னை அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். என் பெயரில் இரண்டு பத்தி அஃபிடவிட் தயாராக இருந்தது. இன்ன தேதி, வெள்ளிக்கிழமை, மாரிமுத்து தாமாகவே, என் முன்னிலையில், கையெழுத்திட்டார் என்று இருந்தது. மணி இல்லை. நான் படித்துவிட்டு நிமிர்ந்தேன். அவர் குரலை உயர்த்தவே இல்லை.

"அடுத்த மாற்றல் கடிதத்தையும் நீங்கதான் டைப் அடிக்கணும், ராயப்பன்."

எனக்கு அப்போது நான்கு பிள்ளைகள். மூத்தவள் பரீட்சை வகுப்பில் இருந்தாள். காரணம் சொல்ல வேண்டுமானால் இன்னும் நாலு சொல்வேன். கையெழுத்துப் போட்டேன் என்பதுதான் விஷயம். அந்தத் தாளில் இருந்த ஒவ்வொரு சொல்லும் உண்மை. அவ்வளவு உண்மையான தாளில் அதற்கு முன்பும் பின்பும் நான் கையெழுத்துப் போட்டதில்லை.

அரசுத் தரப்பு அஃபிடவிட்டோடு அந்தப் போட்டோவையும் இணைத்திருந்தார்கள். மாரிமுத்து பிரிவுபசாரத்தை மனமார ஏற்றுக்கொண்டார் என்பதற்கு அது சாட்சியாம். படத்தில் அவர் கையில் இருக்கும் கடிகாரம் பத்து மணி பத்து நிமிடம் காட்டுவதைக் கவனிக்கவும் என்றும் ஒரு வரி இருந்தது. கடையில் தொங்குகிற எல்லாக் கடிகாரமும் பத்து பத்துதான் காட்டும். பேட்டரி போடாமல்தான் வாங்கி வந்தோம். இதை யாராவது சிரித்துவிட்டுத் தள்ளுவார்கள் என்று நினைத்தேன். தாளில் எழுதிவிட்டால் எதுவும் சிரிப்பாக இருப்பதில்லை.

ஜட்ஜ் இரண்டு பக்கத்தையும் பொறுமையாகக் கேட்டாராம். தடை உத்தரவை அவர் ரத்து செய்யவில்லை. அது தொடரும் என்றார். ஆனால் மனுதாரர் பதினோரு மணிக்குப் பதவியில் இருந்தாரா என்பது சாட்சிகளை விசாரித்துத்தான் தெரிய வேண்டும், அதுவரை அவரை மறுபடி அந்த நாற்காலியில் உட்கார வைக்கும்படி தம்மால் சொல்ல முடியாது என்றும் சொன்னார். குவார்ட்டர்ஸ் பற்றி உத்தரவில் ஒரு சொல்லும் இல்லை. அது வேறு பிரிவு, வேறு கடிதம், அதற்கு முப்பது நாள். அதையும் நான்தான் அடித்தேன். சிலிம் ரிவரில் போய்ச் சேராவிட்டால் அனுமதியின்றி வேலைக்கு வராதவர் என்று தனி நடவடிக்கை வரும். ஆக, தடை உத்தரவு ஈப்போவில் பத்திரமாக இருந்தது. மாரிமுத்து சிலிம் ரிவருக்குப் போனார்.

5. லாரியில் ஏறிய டிரங்குப் பெட்டி

குவார்ட்டர்ஸ் காலி செய்த அன்று உதவிக்குப் போனேன். போகாமல் இருக்க முடியவில்லை, போய் நிற்கவும் முடியவில்லை. சிலிம் ரிவரில் ஒரு கடைவீட்டு மாடியில் ஒற்றை அறைதான் அகப்பட்டிருந்தது. மாரிமுத்துவின் தங்கை வேறு திசையில், ஆயர் தாவாரில் இருந்தாள். அவள் வீட்டில் இன்னும் ஒருவருக்குத்தான் இடம். சின்னப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளக் கிழவி மகனோடு போவது, கிழவர் மகள் வீட்டுக்குப் போவது என்று முடிவாகியிருந்தது. கல்யாணமான நாள் முதல் அவர்கள் பிரிந்து இருந்ததில்லை. பால்மரம் சீவுகிற வேலையில்கூட இருவருக்கும் பக்கத்துப் பக்கத்து மர வரிசை.

முனியாண்டி டிரங்குப் பெட்டியைத் தாமே கயிறு போட்டுக் கட்டினார். நான் ஒரு முனையைப் பிடித்தேன். நான் யார், என்ன செய்தேன் என்பது அவருக்குத் தெரியாது.

"ஒரே வருசத்துல ரெண்டு தடவ கட்டியாச்சு, கிராணி. இன்னொரு தடவ கட்ட என்னால முடியாது."

வழக்கு விசாரணைக்கு வர இரண்டு வருடத்துக்கு மேல் ஆனது. இடையில் ஒரு காலைப் பொழுதில் ஆயர் தாவாரில் முனியாண்டி இறந்துபோனார். செய்தி சிலிம் ரிவருக்கு எட்டி, கிழவியை பஸ் மாற்றி பஸ் ஏற்றிக் கூட்டிப்போய்ச் சேர்ப்பதற்குள் எடுக்கும் நேரம் ஆகிவிட்டது. முகத்தைப் பார்த்தார், அவ்வளவுதான். மாரிமுத்து இதை என்னிடம் சொல்லவில்லை. விடுப்புக் கடிதம் என் மேசைக்கு வந்ததால் தெரிந்தது. ஃபைலில் போட வேண்டிய அந்தக் கடிதத்தை ஒரு வாரம் டிராயரிலேயே வைத்திருந்தேன்.

6. அரை நிமிடம்

விசாரணைக்கு எனக்குச் சம்மன் வந்தது. குமாரசாமி அதற்குள் ஓய்வு பெற்றிருந்தார். கூண்டில் ஏற்றி பைபிளில் கை வைக்கச் சொன்னார்கள். மிஸ் பிலோமினா ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். கையெழுத்து எத்தனை மணிக்கு?

மூன்று இருபத்தைந்து என்றேன். எப்படித் தெரியும் என்று அரசு வக்கீல் கேட்டார், சொன்னேன். கடிகாரத்தில் பேட்டரி இல்லை என்பதையும் சொன்னேன். இதை ஏன் அஃபிடவிட்டில் சொல்லவில்லை என்று ஜட்ஜ் கேட்டார். யாரும் கேட்கவில்லை என்றேன். அவர் ஏதோ குறித்துக்கொண்டார். எல்லாம் சேர்த்து அரை நிமிடம் இருக்கும். விளக்கம் கேட்காமல் தண்டனையாகக் கொடுத்த மாற்றல் செல்லாது என்று தீர்ப்பாகி, மாரிமுத்து ஈப்போவுக்குத் திரும்பினார். ஸ்டோர் கிடைத்தது. குவார்ட்டர்ஸில் வேறு குடும்பம் இருந்தது, அது கிடைக்கவில்லை. கிடைத்திருந்தாலும் யாருக்காகக் கேட்டாரோ அவர் இல்லை.

உண்மையைச் சொன்னதற்காக எனக்கு என்ன நடந்தது என்று கேட்பீர்கள். ஒன்றும் நடக்கவில்லை. மாற்றல் இல்லை, விளக்கம் கேட்டுக் கடிதம் இல்லை. மறுவருடம் வழக்கம்போல எனக்குச் சம்பள உயர்வு வந்தது. முதலிலேயே சொல்லியிருந்தாலும் ஒன்றும் நடந்திருக்காதோ என்று அன்றைக்குத் தோன்ற ஆரம்பித்தது இன்னும் போகவில்லை. எனக்கு வெட்கமாக இருக்கிறது. வேறு சொல் தேடத் தெரியவில்லை.

இளைய கிராணிகளுக்குச் சொல்ல வந்தது இதுதான். தடை உத்தரவு நடக்கப்போவதை நிறுத்தும், நடந்து முடிந்ததைத் திருப்பாது. அதில் எழுதியிருப்பதை மட்டும்தான் காக்கும். வீடு எழுதப்படாவிட்டால் வீடு போகும். அந்தக் கட்டத்தில் சாட்சிக்கு வாய் கிடையாது, தாளுக்குத்தான் உண்டு. அதனால் தாளில் எதையும் விட்டுவிடாதீர்கள். பிறகு கூண்டில் ஏறிச் சொல்லிக்கொள்ளலாம் என்று நான் ஒரு உண்மையை ஒத்தி வைத்தேன். அது போய்ச் சேர்ந்தபோது அதற்கு வேலை இல்லை.

அந்த வழக்குக்குப் பிறகு என் கைக்கு வந்த எல்லாத் தாளிலும் தேதிக்குப் பக்கத்தில் மணியை எழுத ஆரம்பித்தேன். விடுப்பு விண்ணப்பத்தில்கூட. ஆபீஸில் என்னை 'மணி கிராணி' என்று கேலி செய்தார்கள். மாரிமுத்து மட்டும் அந்தப் பெயரைச் சொன்னதில்லை. என்னோடு எப்போதும்போலப் பேசினார், தீபாவளிக்குப் பலகாரம் கொண்டுவந்தார். அந்த அஃபிடவிட்டைப் பற்றி ஒரு முறையும் கேட்டதில்லை. அதன் நகல் அவர் வக்கீலிடம் இருந்தது என்பதும், அவர் அதைப் படிக்காமல் இருந்திருக்க முடியாது என்பதும் எனக்குத் தெரியும்.

நான் ஓய்வு பெற்ற நாளில் அதே வரிசை. மேசை, தட்டு, படிவம். அப்போது சங்கத்தின் சார்பில் சாட்சிக் கையெழுத்துப் போட மாரிமுத்து வந்து நின்றார். நான் கையெழுத்துப் போட்டு, தேதி எழுதி, கைக்கடிகாரத்தைப் பார்த்து, கோடு இல்லாத இடத்தில் மூன்று மணி நாற்பது என்று எழுதினேன். அவர் குனிந்து அதைப் படித்தார். பேனாவை வாங்கிக்கொண்டு, எனக்கு மட்டும் கேட்கிற குரலில் சொன்னார்.

"இப்பல்லாம் எழுதுறீங்க, அண்ணே."

பிறகு என் கையெழுத்துக்குக் கீழே தம் கையெழுத்தைப் போட்டு, பக்கத்தில் அவரும் மணியை எழுதினார். மூன்று நாற்பத்தொன்று. அன்று நான் மீஹூனைத் தொடவில்லை.